பிசாசிலிருந்து பள்ளத்துக்கு: சிறு விளையாட்டுகள் திகிலுக்குக் கற்றுத்தந்தவை

கொடைக்கானல் தூண்பாறைக்கு அருகே, மரவேர்கள் தரைமேல் பின்னிக் கிடக்கும் சோலைக்கு அப்பால், பாறைப் பிளவுகளால் ஆன குகைகள் சில உள்ளன. ஆங்கிலேயர் அவற்றுக்கு இட்ட பெயர் 'டெவில்ஸ் கிச்சன்', பிசாசின் அடுக்களை. 1991இல் சந்தானபாரதி இயக்கத்தில் கமல்ஹாசன் நடித்த 'குணா' அங்கே படமாக்கப்பட்ட பின் அவை குணா குகைகள் ஆயின. 2006இல் அங்கே நிகழ்ந்த ஓர் உண்மைச் சம்பவத்தைச் சிதம்பரம் இயக்கிய 'மஞ்ஞும்மல் பாய்ஸ்' என்ற மலையாளப் படம் 2024இல் திரைக்குக் கொண்டுவந்தபோது, அதே பாறையிடுக்கு மூன்றாவது முறையாக வேறொன்றாயிற்று. முதலில் பிசாசு குடியிருந்த இடம். பிறகு பித்தேறிய ஒரு காதலின் ஒளிவிடம். கடைசியில் நண்பனை விழுங்கிய வெறும் பள்ளம்.

பாறை மாறவில்லை. அதைப் பார்த்து நாம் அஞ்சும் விதம் மாறியிருக்கிறது. பிசாசிலிருந்து பள்ளத்துக்கு என்ற இந்த நகர்வு கொடைக்கானலுக்கு மட்டும் உரியதன்று. கடந்த பதினைந்து இருபது ஆண்டுகளில் திகில் என்னும் கலைவகையே உலகெங்கும் ஏறத்தாழ இத்திசையில் நடந்து வந்திருக்கிறது. அந்த நடையைத் தொடங்கிவைத்தவர்களுள் முக்கியமான சிலர் எழுத்தாளர்களும் அல்லர், திரைப்பட இயக்குநர்களும் அல்லர். சிறு அறைகளில் அமர்ந்து கணினி விளையாட்டுகளைச் செய்தவர்கள். அவர்களின் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லி, அது தமிழுக்கும் பழனிமலைக்கும் என்ன பொருள் தருகிறது என்று பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பெருநிறுவனங்களின் முதலீடோ விளம்பரமோ இன்றித் தனியொருவரோ சிறு குழுவோ உருவாக்கும் விளையாட்டுகளை 'இண்டி' என்று குறிப்பிடுகிறார்கள். இலக்கிய வாசகர்களுக்கு இதை விளக்க உவமை தேடி அலைய வேண்டியதில்லை. நமக்குச் சிற்றிதழ் இருக்கிறது. கொடைக்கானல் மலைச்சாலையின் அடிவாரத்து ஊர் வத்தலக்குண்டு. 'மணிக்கொடி'யைச் சிறுகதை இதழாக நடத்திய பி. எஸ். ராமையாவின் ஊர் அது. 1959இல் 'எழுத்து' இதழைத் தொடங்கிய சி. சு. செல்லப்பா வளர்ந்ததும் அங்கேதான். மிகக் குறைந்த பிரதிகளே அச்சான அந்த இதழில் வேர்பிடித்த புதுக்கவிதை, பின்னர் வணிக இதழ்களுக்கும் பாடநூல்களுக்கும் பரவிய கதையை நாம் அறிவோம். கையில் பணமில்லாதவன் ஒரு வடிவத்தைக் கண்டடைகிறான். சில ஆண்டுகள் கழிந்ததும் பணமுள்ளவர்களின் வடிவமும் அதுவே ஆகிவிடுகிறது. திகில் விளையாட்டுகளில் நடந்ததும் இதுதான்.

*

1999இல் ஜப்பானின் கொனாமி நிறுவனம் வெளியிட்ட 'சைலண்ட் ஹில்' விளையாட்டில் ஊரே மூடுபனியில் மூழ்கியிருக்கும். அன்றைய பிளேஸ்டேஷன் கருவிக்குத் தொலைவுக் காட்சிகளை வரைந்து காட்டும் ஆற்றல் போதவில்லை. அந்தப் போதாமையை மறைக்கப் போர்த்திய பனியே அவ்விளையாட்டின் உயிராயிற்று. பத்தடிக்கு அப்பால் என்ன இருக்கிறதென்று தெரியாதபோது ஒவ்வோர் அடியும் ஆட்டக்காரர் தாமே எடுக்கும் முடிவாகிறது. மாலைப்பனி இறங்கிய கொடைக்கானல் சாலையில் தனியே நடந்தவர்கள் இதை உடனே புரிந்துகொள்வார்கள்.

கருவிகள் வலுப்பெற்றதும் பனி விலகியது. 2005இல் வந்த 'ரெசிடெண்ட் ஈவில் 4' அதன் அளவில் தேர்ந்த படைப்புதான். ஆனால் அதன் பெருவெற்றி திகில் விளையாட்டைச் சண்டை விளையாட்டின் பக்கம் இழுத்துவிட்டது. கையில் துப்பாக்கி உள்ளவன் அஞ்சுவதில்லை, குறிபார்க்கிறான். தயாரிப்புச் செலவு ஏற ஏற, எல்லோருக்கும் பிடித்தாக வேண்டும் என்ற கட்டாயமும் ஏறியது. அச்சம் என்பது எல்லோருக்கும் பிடிக்கும் சரக்கு அன்று. அந்தப் பத்தாண்டின் முடிவில், பெருநிறுவனங்களின் திகில் விளையாட்டுகளில் திகில் ஓர் அலங்காரமாக மட்டும் எஞ்சியிருந்தது.

இந்த வெற்றிடத்தில்தான் சுவீடனைச் சேர்ந்த ஃபிரிக்ஷனல் கேம்ஸ் என்ற சிறு குழு நுழைந்தது. 2007இல் 'பெனம்ப்ரா' வரிசையைத் தொடங்கிய அவர்கள், 2010இல் 'அம்னீசியா: தி டார்க் டிசென்ட்' என்ற விளையாட்டை வெளியிட்டார்கள். அதில் ஆட்டக்காரருக்கு ஆயுதமே கிடையாது. ஓடலாம், ஒளியலாம், அவ்வளவுதான். இருட்டில் நின்றால் பாத்திரத்தின் மனநிலை சிதையத் தொடங்கும். வெளிச்சத்தில் நின்றால் துரத்தி வருவது கண்டுபிடித்துவிடும். கையிலுள்ள விளக்குக்கு எண்ணெய் குறைவு. துரத்தி வருவதை உற்றுப் பார்த்தாலும் மனம் சிதையும். பார்க்காமல் தப்ப முடியாது, பார்த்தாலும் கேடு என்ற இந்த இக்கட்டு முழுக்க முழுக்க விதிகளால் கட்டப்பட்டது. கதை அதற்குப் பிறகுதான்.

அவ்விளையாட்டில் வெள்ளம் புகுந்த நிலவறை ஒன்று வருகிறது. அங்கே இருப்பதற்கு உருவமே இல்லை. நீர்ப்பரப்பில் காலடி பட்டுத் தெறிக்கும் ஓசையும் அலையும் மட்டும் நெருங்கி வரும். மிதக்கும் பெட்டிகள் மேல் தாவித் தாவிக் கடக்க வேண்டும். திகில் வரலாற்றில் நினைக்கத்தக்க இடங்களுள் ஒன்றாகிவிட்ட அக்காட்சியில் வரைந்து காட்டப்பட்ட கோர உருவம் எதுவும் இல்லை. வரையவே தேவையில்லாத ஒன்றை வைத்து இவ்வளவு அச்சம் உண்டாக்க முடிந்தது.

2012இல் மார்க் ஹேட்லி என்ற ஒருவர் உருவாக்கி இலவசமாக வெளியிட்ட 'ஸ்லெண்டர்' இன்னும் எளியது. இரவு, காடு, ஒரு கைவிளக்கு, ஆங்காங்கே ஒட்டப்பட்ட எட்டுத் தாள்கள். ஒவ்வொரு தாளையும் எடுக்கும்போது முகமற்ற ஒரு நெட்டையுருவம் மேலும் நெருங்குகிறது. 2013இல் கனடாவின் மாண்ட்ரியலிலிருந்து வந்த 'அவுட்லாஸ்ட்' ஆட்டக்காரரின் கையில் ஒரு காமிராவை மட்டும் கொடுத்தது. இருட்டில் பார்க்க அதன் கண் வேண்டும், அதன் மின்கலமோ தீர்ந்துகொண்டே இருக்கும்.

2014இல் வந்த 'ஃபைவ் நைட்ஸ் அட் ஃபிரெடீஸ்' ஸ்காட் காவ்தன் என்ற தனிமனிதரின் உழைப்பு. அவருடைய முந்தைய விளையாட்டொன்று குழந்தைகளுக்கானது. அதன் பாத்திரங்கள் உயிரற்ற இயந்திர பொம்மைகள்போல் அச்சமூட்டுகின்றன என்று விமர்சகர்கள் எழுதினார்கள். அந்தக் குறையையே கருவாக எடுத்துக்கொண்டு, இரவுக் காவலாளி ஒருவன் நகரும் இயந்திர பொம்மைகளிடமிருந்து பன்னிரண்டு மணி முதல் ஆறு மணிவரை தப்பிக்கும் விளையாட்டை அவர் செய்தார். காவலாளி நாற்காலியை விட்டு எழ முடியாது. கண்காணிப்புக் காமிராக்களைப் பார்க்கலாம், கதவுகளை மூடலாம். ஒவ்வொன்றும் மின்சாரத்தைத் தின்னும், மின்சாரம் அளவானது. நகர்த்திக் காட்டப் பணமில்லாததால் நகராத திரை. அந்த நகராமையே திகில்.

இவற்றை ஒருசேரப் பார்க்கையில் மூன்று கூறுகள் தெளிகின்றன. ஆட்டக்காரரிடம் ஆயுதம் இல்லை. அவரால் கொஞ்சம் மட்டுமே பார்க்க முடியும். எது ஆபத்து என்பதை யாரும் சொல்லித் தருவதில்லை. பட்டுத்தான் அறிய வேண்டும். மூன்றுமே வறுமையிலிருந்து பிறந்தவை அல்லது வறுமைக்கு ஒத்துவருபவை. கோரமான முகமும் இரத்தமும் செலவு கேட்கும். இருட்டுக்கும் ஓசைக்கும் காத்திருப்புக்கும் செலவு குறைவு.

*

சிற்றிதழின் வழி பெரிய இதழுக்குப் போனதுபோல இவ்வழியும் மேலே ஏறியது. 2014இல் கொனாமி, ஹிடியோ கோஜிமாவின் 'பி.டி.' என்ற சிறு மாதிரி விளையாட்டை, இல்லாத ஒரு சிறு நிறுவனத்தின் பெயரில் வெளியிட்டது. வளைந்த ஒரே நடைக்கூடம். அதன் கடைசிக் கதவைத் திறந்தால் மீண்டும் அதே கூடம், சிறு மாற்றங்களோடு. பெருநிறுவனம் ஒன்று சிறியவரின் வேடம் பூண்டு வந்ததையே அக்காலத்தின் அறிகுறியாக எண்ணுகிறோம். அடுத்த ஆண்டே அது கடைப்பரப்பிலிருந்து நீக்கப்பட்டது. ஆயினும் அதன் தாக்கத்தில் பல விளையாட்டுகள் எழுந்தன. 2017இல் 'ரெசிடெண்ட் ஈவில் 7' வந்தபோது, எந்த வரிசை திகிலைச் சண்டையாக்கியதோ அதே வரிசை பாத்திரத்தின் கண்வழிப் பார்வைக்கும் ஒரு பாழ்வீட்டுக்கும் திரும்பியிருந்தது.

திரைப்படத்துக்கும் இது சென்றது. 'ஃபைவ் நைட்ஸ் அட் ஃபிரெடீஸ்' 2023இல் ஹாலிவுட் படமாகிப் பெருவெற்றி கண்டது. ஆனால் கதையை எடுத்துக்கொள்வது ஒன்று, வடிவத்தை எடுத்துக்கொள்வது இன்னொன்று. ஜப்பானின் 'எக்ஸிட் 8' இரண்டாவதற்கு நல்ல எடுத்துக்காட்டு. 2023இல் வெளியான அச்சிறு விளையாட்டில் சுரங்க ரயில்நிலைய நடைவழி ஒன்று சுழன்று சுழன்று வருகிறது. வழக்கத்துக்கு மாறாக ஏதாவது தென்பட்டால் திரும்ப வேண்டும், இல்லையேல் மேலே நடக்க வேண்டும். தவறினால் மீண்டும் தொடக்கத்துக்கு. கென்கி கவமுரா இயக்கத்தில் 2025இல் இது படமானது. திரையரங்கில் அமர்ந்திருப்பவரும் சுவரொட்டிகளையும் கதவுகளையும் சரிபார்க்கத் தொடங்கிவிடுகிறார். பார்வையாளரை வேலை செய்யவைத்ததுதான் விளையாட்டு திகிலுக்குத் தந்த பெரும் கொடை.

இது இலக்கியத்துக்கு முற்றிலும் புதியதா என்றால், இல்லை. புதுமைப்பித்தனின் 'காஞ்சனை'யில் பேய் உருவெடுத்து வருவதில்லை. வீட்டுக்குள் ஒரு நாற்றம் வருகிறது, வேலைக்கு ஒருத்தி வருகிறாள், அவள் யாரென்று கடைசிவரை தீர்ப்பில்லை. தீர்க்கும் பொறுப்பு வாசகன் தலையில் விழுகிறது. நல்ல திகில் எப்போதும் இப்படித்தான் இயங்கியது. அதைச் சந்தை மறந்திருந்த காலத்தில் சிறு விளையாட்டுகள் நினைவூட்டின என்பதே சரியான கணிப்பாகும்.

*

தமிழ்த்திரையில் திகிலுக்கு நீண்ட வழக்கம் உண்டு. ஸ்ரீதரின் 'நெஞ்சம் மறப்பதில்லை' 1963இலும், 'யார் நீ?' 1966இலும் வந்தன. பாழடைந்த மாளிகை, வெண்புடவைப் பெண், தொலைவிலிருந்து மிதந்துவரும் பாட்டு என்ற அமைப்பு அப்போதே நிலைபெற்றுவிட்டது. 2007இல் 'முனி', 2011இல் 'காஞ்சனா', 2014இல் 'அரண்மனை' எனப் பேயும் நகைச்சுவையும் கலந்த படங்கள் அதைக் குடும்ப விழாவாக மாற்றின. இடையே 2012இல் கார்த்திக் சுப்புராஜின் 'பீட்சா', கதை சொல்பவனையே நம்ப முடியாதவனாக்கி வேறொரு கதவைத் திறந்தது.

விளையாட்டின் வடிவத்தை நேரடியாகக் கையாண்ட தமிழ்ப்படம் 2019இல் வந்தது. அஷ்வின் சரவணன் தமிழிலும் தெலுங்கிலும் இயக்கிய 'கேம் ஓவர்' அது. தாப்ஸி நடித்த நாயகி ஸ்வப்னா விளையாட்டு வடிவமைப்பாளர். முன்பு நேர்ந்த ஒரு கொடுமையால் இருளைக் கண்டாலே நடுங்குகிறாள். கால்கள் முறிந்து சக்கர நாற்காலியில் இருக்கிறாள். கொலைகாரர்கள் வீட்டைச் சூழ்கிறார்கள். அவள் கையில் குத்திய பச்சை, விளையாட்டில் மிச்சமிருக்கும் உயிர்களின் கணக்காக மாறுகிறது. ஒருமுறை இறந்தபின் அதே இரவு மீண்டும் தொடங்குகிறது. முந்தைய சாவிலிருந்து கற்றது மட்டுமே அவளுடைய ஆயுதம்.

'அம்னீசியா'வின் இருளச்சமும், நாற்காலியை விட்டு எழ முடியாத காவலாளியின் நிலையும் இங்கே ஒரு பெண்ணின் உடலில் சேர்ந்திருப்பதைக் காணலாம். இவற்றை அஷ்வின் நேராக எடுத்துக்கொண்டார் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. ஒரு காலத்தின் பொதுமொழியாக அவை ஆகிவிட்டன. முக்கியமானது வேறு. விளையாட்டின் 'மூன்று உயிர்' என்ற வெறும் விதி, இப்படத்தில் வன்முறைக்கு ஆளான ஒருத்தி மீண்டும் வாழத் தீர்மானிப்பதற்கான உருவகமாகிறது. கடன் வாங்கிய வடிவத்துக்குள் சொந்த உள்ளடக்கம் வந்தமர்ந்த தருணம் அது.

*

அப்படியானால் மலைக்கு வருவோம். நம் கதைகளிலும் படங்களிலும் மலையின் திகில் என்றால் பங்களாதான்: கணப்படுப்பு, மரப்படிகள், சாளரத்தை மோதும் பனி, வாயிற்காப்போனின் எச்சரிக்கை. இக்காட்சிகள் ஆங்கிலப் பேய்க்கதைகளிலிருந்து இறங்கி வந்தவை. பழனிமலையில் அவற்றுக்கு அடியில் வேறொரு வரலாறு இருக்கிறது.

1821இல் பி. எஸ். வார்டு இம்மலையை அளந்தார். 1845இல் மதுரையின் அமெரிக்க மிஷனரிகள் கொடைக்கானலில் முதல் வீடுகளைக் கட்டினார்கள். காய்ச்சலும் கொள்ளைநோயும் சமவெளியில் அவர்களுடைய குடும்பங்களைக் கொன்றுகொண்டிருந்தன. அதற்கு அஞ்சித்தான் மலையேறினார்கள். 1863இல் மதுரை ஆட்சியர் வேர் ஹென்றி லெவிஞ்ச் ஏரியை உருவாக்கினார். சுருங்கச் சொன்னால், சாவுக்குப் பயந்து மேலே வந்தவர்கள் சமைத்த ஊர் இது. பங்களாவின் பேய் அவர்களுக்குப் பொருத்தமானது. அது அவர்கள் கல்லறையிலிருந்து எழுவது. அதற்கு முன்பே இங்கிருந்தவர்களின் அச்சம் எதுவென்று அக்கதைகள் கேட்பதில்லை. தாண்டிக்குடிப் பக்கத்துப் பெருங்கற்காலக் கல்லறைகளும், பளியர்களும், சோலைக்காடும் அவற்றில் பின்திரை மட்டுமே. பளியர் ஒருவர் வந்தால் 'அங்கே போகாதீர்கள்' என்று சொல்லிவிட்டு மறைவதற்கே வருவார்.

இரவல் அச்சத்தை விட்டுத் தன் மண்ணின் அச்சத்தைக் கண்டடைவது எப்படி என்பதற்கு இண்டி விளையாட்டுகளில் இரண்டு ஆசிய முன்மாதிரிகள் உண்டு. 2014இல் இந்தோனேசியாவின் பாண்டுங் நகரிலிருந்து வந்த 'ட்ரெட்அவுட்' அந்நாட்டு நாட்டார் பேய்களைக் கொண்டே இயங்கியது. ஆட்டக்காரரிடம் இருப்பது ஒரு கைபேசிக் காமிரா. 2019இல் அது படமாகவும் வந்தது.

இன்னும் ஆழமானது தைவானின் ரெட் கேண்டில் கேம்ஸ் 2017இல் வெளியிட்ட 'டிட்டென்ஷன்'. களம், 1960களில் மலைப்பகுதிப் பள்ளி ஒன்று. இராணுவச் சட்டம் 1949 முதல் 1987 வரை நீடித்த நாடு அது; தடைசெய்யப்பட்ட நூல்களைப் படித்தவர்கள் சிறைக்கும் கொலைக்களத்துக்கும் அனுப்பப்பட்டார்கள். விளையாட்டில் பேய்கள் உண்டு, மூச்சை அடக்கி அவற்றைக் கடக்க வேண்டும். ஆனால் போகப்போகத் தெரிவது, நாம் இயக்கிக்கொண்டிருக்கும் மாணவியே இரகசிய வாசகர் வட்டத்தைக் காட்டிக்கொடுத்தவள் என்பது. பேய்க்கு அஞ்சித் தொடங்கிய ஆட்டம் குற்றவுணர்வில் முடிகிறது. புத்தகம் படித்ததற்காக மனிதர்கள் அழிக்கப்பட்ட காலத்தைப் பிறகு பிறந்த தலைமுறை இவ்விளையாட்டின் வழியே தொட்டறிந்தது. 2019இல் அதே கதை படமாகித் தைபேயின் கோல்டன் ஹார்ஸ் விழாவில் விருதுகள் பெற்றது. ஒரு சிறு குழு, தன் நாட்டின் பேசாப்பொருளை, உலகமே அறிந்த பேய்விளையாட்டின் விதிகளுக்குள் வைத்துப் பேசியது.

*

பழனிமலையின் பேசாப்பொருள் எது? எங்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது பாதரசம்.

அமெரிக்காவில் நியூயார்க் மாநிலத்தின் வாட்டர்டவுனில் இயங்கிவந்த வெப்பமானித் தொழிற்சாலை ஒன்று 1980களின் தொடக்கத்தில் கொடைக்கானலுக்குப் பெயர்க்கப்பட்டது. பாண்ட்ஸ் நிறுவனத்தின் வழியாக அது இந்துஸ்தான் லீவரின் உடைமையாயிற்று. 2001இல் பாதரசம் படிந்த கண்ணாடிக் கழிவு ஊருக்குள் பழைய பொருள் கிடங்கொன்றில் கிடப்பது கண்டுபிடிக்கப்பட்டது. மக்கள் போராட்டத்தைத் தொடர்ந்து ஆலை மூடப்பட்டது. ஆலைக்குக் கீழே இருப்பது பாம்பார்ச் சோலை. தொழிலாளர்கள் நீண்ட காலம் வழக்காடினர். உடல்நலக் கேடு பாதரசத்தால் விளைந்ததென்பதை நிறுவனம் ஏற்றதில்லை. 2016 மார்ச்சில் 591 முன்னாள் தொழிலாளர்களோடு உடன்பாடு ஏற்பட்டது. அதற்கு முந்தைய ஆண்டு, சென்னையைச் சேர்ந்த சோஃபியா அஷ்ரஃப் பாடி வெளியிட்ட 'கொடைக்கானல் வோண்ட்' என்ற ராப் காணொளி பல இலட்சம் பேரைச் சென்றடைந்திருந்தது. சிறியவர்களின் கைப்பொருளாக ஒரு வடிவம் என்ன செய்யும் என்பதற்கு அதுவும் சான்று.

பாதரச ஆவிக்கு நிறமில்லை, மணமில்லை. அறையின் சாதாரண வெப்பத்திலேயே எழும். மூச்சோடு நுழைந்து நரம்பையும் சிறுநீரகத்தையும் தாக்க வல்லது. வெள்ளம் புகுந்த நிலவறையில் உருவமின்றி நெருங்கிய அந்த ஒன்றை இங்கே நினைத்துக்கொள்ளலாம். அதற்காவது நீர்த்தெறிப்பு உண்டு. இதற்கு அதுவும் இல்லை. ஆயுதமற்ற மனிதர், காணமுடியாத ஆபத்து, யாரும் சொல்லித்தராத விதி ஆகிய மூன்றும் ஒரு தொழிற்சாலையின் அன்றாடப் பணிநேரத்தில் ஒன்றுகூடியிருந்தன. நம் திகில் கதைகள் அவ்வேளையிலும் பங்களாவின் மரப்படியில் காலடியோசை கேட்டுக்கொண்டிருந்தன.

குணா குகையின் கதையும் இதற்கு அயலானதன்று. 'மஞ்ஞும்மல் பாய்ஸ்' திகில்படம் என்ற வகைக்குள் வைக்கப்படுவதில்லை. உயிர்பிழைத்தலின் படம் என்பார்கள். ஆனால் அதில் பள்ளத்தின் வாயில் நின்று கூப்பிடும் குரலும், பதில் வராத நேரமும், கீழே இறங்கும் கயிறும் எந்தப் பேய்ப்படத்தைவிடவும் நம்மை நடுக்குகின்றன. அந்த இடத்தில் பிசாசு இல்லை என்பதால்தான் அவ்வளவு அச்சம். பிசாசு என்றால் விரட்டலாம், வேண்டலாம், ஏமாற்றலாம். பள்ளத்திடம் எதுவும் செல்லாது. கீழே இறங்க ஒருவர் முன்வர வேண்டும், அவ்வளவுதான்.

*

இங்கே ஓர் ஐயத்தையும் சொல்லியாக வேண்டும். பிறர் துன்பத்தை விளையாட்டாக்குவது தகுமா? நோயுற்ற தொழிலாளியின் மூச்சிரைப்பை ஒலிவிளைவாக்கி, கிடங்குக் கழிவை வெறும் பின்புலமாக்கினால் அது பங்களாப் பேயைவிடக் கீழானதாகும். குணா குகையின் அனுபவமே எச்சரிக்கை. படம் வந்தபின் அங்கே பயணிகளின் கூட்டம் பெருகியது. விழுந்தவர்களின் இடம் ஒளிப்படத்துக்கான இடமாயிற்று. திகிலுக்கு இந்த ஆபத்து பிறவிக்கூறு. 'டிட்டென்ஷன்' இதிலிருந்து தப்பியது எப்படியென்றால், ஆட்டக்காரரை வேடிக்கை பார்ப்பவராக நிறுத்தாமல் பொறுப்பாளியாக்கியது. பாதரசத்தைப் பற்றி ஒரு விளையாட்டு வருமாயின், அதில் நாம் இயக்கும் பாத்திரம் கழிவை விற்றவனாகவோ, கணக்கேட்டில் கையெழுத்திட்டவனாகவோ, தெரிந்தும் பேசாமல் இருந்தவனாகவோ இருப்பது பொருந்தும். சுற்றுலாவுக்கு வந்துபோகும் நம்மைப் போன்றவனாக இருந்தாலும் தவறில்லை.

இதற்கான கருவிகள் நம் கைக்கு எட்டாத தொலைவில் இல்லை. 'ஃபியர்ஸ் டு ஃபாதம்' என்ற திகில் வரிசையை 2021 முதல் செய்துவருபவர் ஓர் இந்தியர். உலகெங்கும் ஆடப்படும் அதன் கதைகள் அமெரிக்கச் சிற்றூர்களில் நிகழ்கின்றன. திறமையில் குறைவில்லை, களம்தான் இரவல். மறுபுறம், கனடாவின் டொராண்டோவில் இயங்கும் விசை கேம்ஸ் 2023இல் வெளியிட்ட 'வெண்பா', புலம்பெயர்ந்த ஒரு தமிழ்க் குடும்பத்தின் அடுக்களையை விளையாட்டாக்கி, மறு ஆண்டு பாஃப்டாவின் முதல்படைப்பு விருதைப் பெற்றது. அழிந்துபோன எழுத்துகளைக் கொண்ட சமையல் குறிப்பேட்டைச் சரிசெய்து இட்லி அவிக்கும் ஆட்டம் அது. தமிழ்வாழ்வு விளையாட்டுக்கு ஆகாது என்று இனி யாரும் சொல்ல முடியாது. திகிலில் அப்படியொன்று வரவேண்டியதுதான் பாக்கி.

வருமானால், பழனிமலை அதற்குத் தரக்கூடியவை பல. கோக்கர்ஸ் வாக் நடைபாதையில், பின்னால் கதிரவனும் எதிரே பள்ளத்தாக்கில் பனியும் அமையும் வேளையில், நடப்பவரின் நிழலே வானவில் வளையம் சூழப் பேருருவாகப் பனிமேல் விழுவதுண்டு. 'பிராக்கன் உரு' என்று ஐரோப்பியர் பெயரிட்ட அதை, தன்னையே கண்டு அஞ்சும் ஒரு விளையாட்டுக்கு யாரும் இன்னும் பயன்படுத்தவில்லை. புல்வெளிகளின் மேல் நடப்பட்ட தைலமரமும் பைனும் வாட்டிலும் பரவியதில் சோலைப் பறவைகளின் ஒலி அடங்கிய காடுகள் இருக்கின்றன. அந்நிசப்தத்தைப் பயணிகள் அமைதி என்று எண்ணி மகிழ்கிறார்கள். காரணம் அறிந்தவருக்கு அது வேறு. பன்னிரண்டு ஆண்டுக்கொருமுறை பூக்கும் குறிஞ்சி 2006இலும் 2018இலும் பூத்தது. 2030இல் மீண்டும் பூக்க வேண்டும். பூக்க இடம் இருக்குமா என்ற கேள்வியே ஒரு கதை.

குணா குகையின் வாய் இப்போது கம்பிவேலியால் அடைக்கப்பட்டிருக்கிறது. எட்ட நின்று எட்டிப் பார்க்க மட்டுமே முடியும். ஆயுதமில்லாமல், குறைந்த வெளிச்சத்தில், ஒவ்வோர் அடிக்கும் தானே பொறுப்பேற்று இறங்குவது எப்படி என்பதைச் சிறு விளையாட்டுகள் உலகத்துக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டன. வத்தலக்குண்டிலோ பெருமாள்மலையிலோ கணினியின் முன்னால் இருக்கும் ஒருவர், பிசாசின் பெயரால் மூடிவைத்த பிளவுக்குள் அவ்வாறு இறங்கிப் பார்ப்பார் என்றே நம்புகிறோம்.